வாசகர் கேள்வி – பதில்: கோச்சி நகரில் ஒரு மாலை

ஜப்பானின் சிறிய நகரங்களில் வழிகாட்டியுடன் மாலை நேரச் சிறு மதுக்கடைகளுக்கும் உணவுக்கடைகளுக்கும் சென்று வருவது குறித்து வாசகர்கள் சிலர் கேட்டிருந்த கேள்விகளுக்கு இந்த இதழில் பதில் அளிக்கிறோம்.

அடுத்த ஏப்ரலில் நானும் என் கணவரும் ஜப்பான் செல்கிறோம். பெருநகரங்களைப் பார்த்த பிறகு, சிறிய ஊர் ஒன்றில் இரண்டு மாலைகளைக் கழித்து, உள்ளூர் மக்கள் செல்லும் கடைகளில் உண்டு பார்க்க விரும்புகிறோம். எந்த ஊருக்குப் போகலாம்? வழிகாட்டி அவசியமா?
– ஒரு வாசகி, கோயம்புத்தூர்

கோச்சி நகருக்குப் போய் வாருங்கள் என்பேன். ஷிகோகு தீவின் தென்கரையில், பசிபிக் பெருங்கடலை நோக்கி அமைந்த, மூன்று லட்சத்துச் சொச்சம் மக்கள் வாழும் ஊர் அது. ஒகயாமா நகரிலிருந்து விரைவு ரயிலில் ஏறினால், 1988-இல் திறக்கப்பட்ட செத்தோ பெரும்பாலத்தின் வழியாகக் கடலைக் கடந்து, மலைகளுக்கு நடுவே ஊர்ந்து, ஏறத்தாழ இரண்டரை மணி நேரத்தில் அங்கே சேர்ந்துவிடலாம். ஒபியாமாச்சி கடைவீதியும் ஹரிமாயாபாஷி சந்திப்பும் அவற்றை ஒட்டிய சந்துகளும் நடந்தே சுற்றக்கூடிய தூரத்தில் இருப்பதால், ஒரு மாலையில் மூன்று கடைகளுக்குச் செல்ல வண்டி எதுவும் தேவைப்படாது.

வழிகாட்டி அவசியமா என்றால், முதல் மாலைக்கு அவசியம். கடையைக் கண்டுபிடிப்பதற்காக இதைச் சொல்லவில்லை. கைப்பேசி வரைபடமே அந்த வேலையைச் செய்துவிடும். இந்த ஊர்களில் நல்ல கடை என்பது பெரும்பாலும் எட்டுப் பத்துப் பேர் மட்டும் அமரக்கூடிய ஒரு நீள மரமேசைதான். உள்ளே ஒரே ஒருவர் சமைத்து, ஊற்றி, கணக்கும் பார்த்துக்கொண்டிருப்பார். அன்றைய உணவு வகைகள் கையால் எழுதப்பட்ட காகிதத் துண்டுகளாகச் சுவரில் தொங்கும். அவற்றுள் சிலவற்றில் விலைகூட இருக்காது. வாசலில் தொங்கும் துணித்திரையை விலக்கி, மொழி அறியாத இருவர் முன்னறிவிப்பின்றி நுழைந்தால், கடைக்காரர் இடமில்லை என்று சொல்லிவிடக்கூடும். அதில் வெறுப்பு ஏதுமில்லை. வழக்கமாக வருபவர்களையும் கவனித்து, புதியவர்களுக்கும் விளக்கம் சொல்ல அவருக்கு இரண்டு கைகள் போதாது. வழிகாட்டி முன்கூட்டியே பேசி இடம் பிடித்து, யார் வருகிறார்கள், எதை உண்ண மாட்டார்கள் என்பதைச் சொல்லி வைத்துவிடுகிறார். நீங்கள் கொடுக்கும் பணத்துக்கு உண்மையான பலன் அந்த அறிமுகந்தான். எனவே முதல் மாலை வழிகாட்டியுடன் சென்று, இரண்டாம் மாலை அதே கடைகளில் உங்களுக்கு மிகவும் பிடித்த ஒன்றுக்கு நீங்களாகவே செல்லுங்கள். முந்தைய நாள் பார்த்த முகம் என்பதால் கடைக்காரர் உங்களை வரவேற்கும் விதமே வேறாக இருக்கும்.

இணையத்தில் இப்படிப்பட்ட மாலைப் பயணங்கள் பல விற்கப்படுகின்றன. நல்லதை எப்படித் தேர்ந்தெடுப்பது? வழிகாட்டிக்கு அரசு உரிமம் இருக்க வேண்டுமா?
– ஒரு வாசகர், சென்னை

ஜப்பானில் பயண மொழிபெயர்ப்பு வழிகாட்டிகளுக்குத் தேசிய அளவில் தேர்வும் உரிமமும் உண்டு. ஆயினும் 2018 ஜனவரியில் நடைமுறைக்கு வந்த சட்டத் திருத்தத்தின்படி, உரிமம் இல்லாதவரும் கட்டணம் பெற்றுக்கொண்டு வழிகாட்டலாம்; உரிமம் பெற்றவர் என்று சொல்லிக்கொள்ள மட்டுமே அவருக்கு உரிமை இல்லை. மாலைக் கடைகளைப் பொறுத்தவரை உரிமத்தைவிட, அவர் அதே ஊரில் வாழ்பவரா, அந்தக் கடைகளுக்குத் தம் சொந்த விருப்பத்தால் செல்பவரா என்பதையே நான் முக்கியமாகக் கருதுவேன். குழுவில் எத்தனை பேர் என்பதையும் கேளுங்கள். எட்டுப் பேருக்குமேல் அழைத்துச் செல்பவர் சிறு கடைகளுக்குள் நுழையவே முடியாது. பெரிய கூடங்களுக்குத்தான் கூட்டிச் செல்வார். மூன்று மணி நேரத்தில் ஐந்து கடைகள் என்ற விளம்பரம் கவர்ச்சியாக இருந்தாலும் தவிர்த்துவிடுங்கள். ஒரு கடையில் முக்கால் மணி நேரமாவது அமராவிட்டால், அடுப்பிலிருந்து எதுவும் வந்து சேர்வதற்குள் எழுந்திருக்க வேண்டியதாகிவிடும். கட்டணத்தில் உணவும் பானமும் எந்த அளவுவரை அடங்கும் என்பதை எழுத்தில் பெற்றுக்கொள்வதும் நல்லது.

கோச்சியில் தவறாமல் உண்ண வேண்டியவை எவை?
– ஒரு வாசகர், தூத்துக்குடி

கடற்கரை ஊர்க்காரரான தாங்கள் கேட்டது பொருத்தம். அந்த ஊரின் உயிர் கட்சுவோ என்னும் மீன். நம் பக்கத்துச் சூரை மீன் இனத்தைச் சேர்ந்தது. லட்சத்தீவிலும் மாலத்தீவிலும் காய்ச்சி உலர்த்தி, இலங்கையில் சம்பலில் இடித்துப் போடப்படும் மாசி இதே மீனிலிருந்துதான் செய்யப்படுகிறது. வசந்த காலத்தில் குரோஷியோ என்னும் வெப்ப நீரோட்டத்தோடு வடக்கே செல்லும் கட்சுவோ கொழுப்புக் குறைந்து, வாசனை தூக்கலாக இருக்கும். இலையுதிர் காலத்தில் குளிர்ந்த கடலில் மேய்ந்து கொழுத்துத் தெற்கே திரும்பும்போது சதை நெய்ப்பசையோடு இருக்கும். கோச்சிக்காரர்களிடையே இவ்விரண்டில் எது உயர்ந்தது என்ற வழக்கு முடிந்தபாடில்லை. என் ஓட்டு வசந்த காலத்து மீனுக்கே.

அதை அவர்கள் சமைக்கும் முறைக்குத் ததாக்கி என்று பெயர். கோட்டைக்கு அருகே, 1998-இல் திறக்கப்பட்ட ஹிரோமே சந்தையில் இதைக் கண்ணெதிரே பார்க்கலாம். நெல் வைக்கோலை ஒரு கை அள்ளி அடுப்பில் போட்டதும் தீ ஆள் உயரத்துக்கு எழுகிறது. நீளவாக்கில் அறுத்த மீன் துண்டங்களைக் கம்பித் தட்டில் வைத்து அந்தச் சுவாலைக்குள் நீட்டுகிறார்கள். தோல் கருகி, வெளிப்புறம் ஒரு நூல் கனத்துக்கு வெந்து, உள்ளே சிவப்பு மாறாமல் இருக்கும்போதே வெளியே எடுத்து, விரல் கனத்துக்கு வெட்டித் தட்டில் அடுக்குகிறார்கள். பிற ஊர்களில் பனிக்கட்டி போட்ட நீரில் ஆறவைத்து, புளிப்புச் சாறு ஊற்றிப் பரிமாறுவதே வழக்கம். இங்கே சூடு ஆறுவதற்கு முன்பே கல்லுப்பைத் தூவி, மேலே பச்சைப் பூண்டுச் சீவலை வைத்துத் தருகிறார்கள். வைக்கோல் புகை, உப்பு, பூண்டின் காரம் மூன்றும் முதலில் நாக்கில் படும். மீனின் இனிப்பு கடைசியில்தான் தெரியும். பச்சை மீனுக்குத் தயங்கும் நம்மவர்களுக்கு இதுவே சிறந்த தொடக்கம் என்பது என் உறுதியான கருத்து.

ஹிரோமே சந்தையில் சுமார் 60 சிறு கடைகள் உள்ளன. நீள மேசைகளில் யார் வேண்டுமானாலும் யாருக்குப் பக்கத்திலும் அமரலாம். விரும்பிய கடையில் வாங்கி வந்து உண்ணலாம். வழிகாட்டி இல்லாத மாலைக்கு அது பாதுகாப்பான இடம். சிறு கடைகளில் கேட்டு வாங்க வேண்டியவை வேறு: கடல் விலாங்கு வகையைச் சேர்ந்த உட்சுபோ மீனின் பொரியல், ஷிமான்தோ ஆற்றில் விளையும் அவோசா பாசியை மாவில் தோய்த்துப் பொரித்த தெம்புரா, கட்சுவோவின் குடலை உப்பில் ஊறவைத்த ஷுதோ. கடைசியாகச் சொன்னதை ஒரு துளி நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள். இரவு முற்றியபின் கிடைக்கும் கியோசா, மெல்லிய தோலுக்குள் பூரணம் வைத்து மொறுமொறுப்பாகச் சுட்ட சிறு கொழுக்கட்டை. பூரணத்தில் பன்றி இறைச்சி இருக்கும் என்பதை அறிந்து உண்ணுங்கள்.

நான் சைவ உணவு உண்பவள், மதுவும் அருந்துவதில்லை. நண்பர்களுடன் இப்படிப்பட்ட மாலையில் சேர்ந்துகொண்டால் வெறுமனே உட்கார்ந்திருக்க வேண்டியிருக்குமோ?
– ஒரு வாசகி, மதுரை

வெறுமனே உட்கார வேண்டியதில்லை. ஆனால் முன்னேற்பாடு வேண்டும். கட்சுவோவை உலர்த்திச் சீவிக் கொதிக்கவைத்த தஷி என்னும் சாறு, மீன் கண்ணுக்குத் தெரியாத உணவுகளிலும் கலந்திருக்கிறது. வேகவைத்த காய்கறி, சூப்பு, தெம்புராவுக்குத் தொட்டுக்கொள்ளும் சாறு எதுவும் இதற்கு விலக்கன்று. 'இறைச்சியும் மீனும் வேண்டாம்' என்று மட்டும் சொன்னால் தஷி தப்பிவிடும். 'மீன் சாறும் கூடாது, மீன் சீவலும் தூவக்கூடாது' என்று பதிவு செய்யும்போதே வழிகாட்டிக்குத் தெளிவாக எழுதிவிடுங்கள். அன்று மாலையில் வந்து சொன்னால், காலையிலேயே சமைத்து வைத்துவிட்ட கடைக்காரர் செய்வதறியாமல் நிற்பார்.

நல்ல வேளையாக, கோச்சியின் வயல்கள் கடலுக்குச் சளைத்தவை அல்ல. இஞ்சி, கத்தரிக்காய், யூசு எனும் மணமிக்க எலுமிச்சை ஆகியவற்றின் விளைச்சலில் ஜப்பானிலேயே முதலிடம் அந்த மாகாணத்துக்குத்தான். உப்பு மட்டும் தொட்டு உண்ணும் காய்கறித் தெம்புரா (மாவில் முட்டை உண்டா என்று கேட்டுக்கொள்ளுங்கள்), சுட்ட கத்தரிக்காய், அவித்த பச்சை சோயா, இனிப்பு மிகுந்த சிறு தக்காளி ஆகியவை கிடைக்கும். மலைக்கிராமங்களிலிருந்து வந்த இனாக்கா-சுஷியைக் கட்டாயம் தேடுங்கள். யூசு சாறு கலந்த சோற்றின்மேல் மீனுக்குப் பதிலாக மூங்கில் குருத்து, காளான், மியோகா எனும் இஞ்சி வகைப் பூமொட்டு, கொன்னியாக்கு கிழங்குக் களி ஆகியவற்றை வைத்துச் செய்வது அது. அதிலும் காய்களை எதில் வேகவைத்தார்கள் என்று கேட்பது நல்லது. மாலையில் கிடைக்காவிட்டால், 1690-இல் தொடங்கி இன்றும் கோட்டை வாயிலிலிருந்து ஏறத்தாழ ஒரு கிலோமீட்டர் நீளும் ஞாயிற்றுக்கிழமைச் சந்தையில் பார்க்கலாம்.

குடிக்க, உமாஜி கிராமத்து யூசுவில் தேன் கலந்த பானம் இருக்கிறது; ஊலாங் தேநீர் எல்லாக் கடையிலும் உண்டு. மது அருந்தாதவரை அங்கே யாரும் குறைவாக நினைப்பதில்லை. ஆனால் இருக்கையில் அமர்ந்தவர் ஒரு பானமும் ஓர் உணவுமாவது வாங்குவது முறை. பத்து இருக்கைகளை நம்பி வாழும் கடைக்கு ஒவ்வோர் இருக்கையும் வருமானம் என்பதை நண்பர்களுக்கும் சொல்லுங்கள்.

கோச்சியில் பக்கத்தில் இருப்பவர் தம் கோப்பையையே நீட்டுவாராமே? வேண்டாம் என்றால் அவமதிப்பாகுமா?
– ஒரு வாசகர், திருச்சிராப்பள்ளி

உண்மைதான். ஒருவர் தம் கோப்பையைக் காலி செய்து உங்களிடம் தந்து, அதில் சாக்கே என்னும் அரிசி மதுவை ஊற்றுவார்; நீங்கள் அருந்திவிட்டு அதே கோப்பையை அவரிடம் திருப்பித் தந்து ஊற்ற வேண்டும். விருந்துகளில் பெக்குஹாய் என்ற விளையாட்டும் உண்டு. முகங்கள் வரைந்த பம்பரம் ஒன்றைச் சுழற்றுவார்கள். அது யாரைக் காட்டி நிற்கிறதோ அவர், பம்பரத்தின் மேற்பக்கம் தெரியும் முகத்தின் வடிவில் செய்த கோப்பையில் அருந்த வேண்டும். ஒரு கோப்பைக்கு வாயில் துளை இருப்பதால் விரலால் அடைத்தபடி பிடிக்க வேண்டும். தெங்கு என்னும் ஜப்பானியப் பூதத்தின் நீண்ட மூக்குள்ள முகக் கோப்பையைக் காலியாகும்வரை கீழே வைக்கவே முடியாது.

மறுப்பது அவமதிப்பாகாது. கோப்பையின்மேல் கையை வைத்து, புன்னகையுடன் தலை தாழ்த்தினால் போதும். வழிகாட்டியும் எடுத்துச் சொல்வார். உங்கள் கோப்பை நிறைந்திருக்கும்வரை யாரும் மேலே ஊற்றமாட்டார்கள் என்பதால், மெதுவாக அருந்துவது இன்னும் எளிய வழி. அந்த ஊர்ச் சாக்கே இனிப்புக் குறைந்து தொண்டையில் இலகுவாக இறங்குவது. ஆனால் அதில் மதுச்சத்து 15 விழுக்காடு அளவில் உண்டு என்பதை மறந்துவிடுவோர் பலர். ஒவ்வொரு கோப்பைக்கும் இடையில் ஒரு தம்ளர் தண்ணீர் கேட்டு வாங்குங்கள். 1603-இல் தொடங்கப்பட்ட சுகசபோத்தான் போன்ற பழைய மது ஆலைகளின் சாக்கேயை மூவர் பகிர்ந்து சுவைத்தாலே தரம் தெரிந்துவிடும். அளவு கூடினால் மீனின் சுவைதான் மங்கும்.

பணம், புகை, திரும்பும் வழி பற்றியும் சொல்லுங்கள்.
– ஒரு வாசகர், சேலம்

சிறு கடைகள் பலவற்றில் ரொக்கமே செல்லும். அமர்ந்ததும் கேட்காமலே வரும் சிறு கிண்ணத்து உணவு இலவசமன்று. அது இருக்கைக் கட்டணம், பெரும்பாலும் ஆளுக்கு 300 முதல் 500 யென்வரை. அன்பளிப்புப் பணம் கொடுக்கும் வழக்கம் கிடையாது. 2020 ஏப்ரல் முதல் உணவகங்களுக்குள் புகைக்கத் தடை இருந்தாலும், பழைய சிறு கடைகளுக்கு விலக்கு உள்ளது. அப்படிப் புகைக்க இடம் தரும் கடையில் 20 வயது நிரம்பாதவர் நுழையக்கூடாது என்பதால், பிள்ளைகளுடன் செல்வோர் வாசலில் ஒட்டியிருக்கும் அறிவிப்பைப் பார்க்க வேண்டும். மது அருந்தும் வயதும் அங்கே 20 தான்.

வாடகைக் காரை விடுதியிலேயே விட்டுவிடுங்கள். மூச்சில் லிட்டருக்கு 0.15 மில்லிகிராம் மதுச்சத்து இருந்தாலே தண்டனை உண்டு. ஓட்டுபவர் குடித்திருப்பது தெரிந்தே உடன் பயணித்தவரும், அவருக்கு மது கொடுத்தவரும் சட்டத்தின் பிடியில் வருவர். 2024 நவம்பர் முதல் மிதிவண்டிக்கும் இந்த அளவு பொருந்துகிறது. ட்ராம் நள்ளிரவுவரை ஓடுவதில்லை. ஆகவே ஹரிமாயாபாஷியிலிருந்து நடந்துபோகும் தூரத்தில் விடுதி எடுங்கள். அல்லது கடைசிக் கடையில் வழிகாட்டியிடமே டாக்சி அழைக்கச் சொல்லுங்கள்.