‘நம்ம கஷ்டத்தைக் காட்டி விருது வாங்கப் போறியா?’

கேள்வி: சென்னையில் எடிட்டிங் வேலை பார்க்கிறேன். சிவகங்கைப் பக்கம் இருக்கும் எங்கள் ஊரைப் பற்றி, ஊர்க்காரர்களையே நடிக்க வைத்து ஒரு படம் எடுக்க ஆசை. கையில் காசு அதிகமில்லை. பெரியப்பாவோ, ‘நம்ம கஷ்டத்தைக் காட்டி விருது வாங்கப் போறியா?’ என்று கேட்டுவிட்டார். என்ன செய்ய? – பெயர் வேண்டாம்

பதில்: தம்பி, பெரியப்பா கேட்டது நியாயம். திரையில் கிராமம் என்றாலே ஒன்று அரிவாள், இல்லையென்றால் ஒட்டிய வயிறு. பார்த்துப் பார்த்து அலுத்துப்போனவர் அப்படித்தான் கேட்பார்.

காசு விஷயத்தில் ரொம்பக் கலங்காதீர்கள். அசாமின் ரீமா தாஸ், 2017இல் வந்த ‘வில்லேஜ் ராக்ஸ்டார்ஸ்’ படத்துக்கு எழுத்து, இயக்கம், தயாரிப்பு, கேமரா, எடிட்டிங் எல்லாம் தானே பார்த்துக்கொண்டார். ஒலிப்பதிவு, உறவுக்காரப் பெண் மல்லிகா தாஸ். நடித்தது சொந்த ஊர்ப் பிள்ளைகள். சிறந்த படம், ஒலிப்பதிவு இரண்டுக்குமே தேசிய விருது கிடைத்தது. பெரிய யூனிட்டைக் கூட்டிப் போனால் நாள் வாடகை ஓடிக்கொண்டே இருக்கும், மழைக்காகக் காத்திருக்க முடியாது. தனி ஆளாகப் போனால் முடியும், ரீமாவும் வருஷக்கணக்கில் நின்று நிதானமாகத்தான் எடுத்தார்.

அந்தப் படத்திலும் கஷ்டம் இருக்கிறது. வெள்ளம் வந்து பயிர் போகிறது. ஆனால் துனு என்கிற சிறுமிக்கு ஒரு கிடார் வேண்டும், பையன்களோடு சேர்ந்து தெர்மாகோலில் செய்த கிடாரை வாசித்துக்கொண்டு திரிகிறாள், புருஷனை வெள்ளத்தில் பறிகொடுத்த அம்மா மகளுக்கு நீச்சல் கற்றுக்கொடுக்கிறாள். பார்க்கிற நமக்குப் பரிதாபப்பட நேரமே இல்லை, துனுவுக்குக் கிடார் கிடைக்குமா என்றுதான் மனசு கிடந்து அடித்துக்கொள்கிறது. உங்கள் ஊர் ஆட்களுக்கு என்ன ஆசை, எதில் அவர்கள் கெட்டிக்காரர்கள் என்று முதலில் பாருங்கள்.

நம் பக்கத்திலும் உதாரணம் உண்டு. இயக்குநர் வினோத்ராஜ் தன் சகோதரி பட்ட பாட்டிலிருந்துதான் ‘கூழாங்கல்’ கதையை எடுத்தார், மதுரை மாவட்டத்து வெயிலிலேயே படமாக்கினார். 2021இல் நெதர்லாந்தின் ராட்டர்டாம் திரைப்பட விழாவில் முதல் பரிசான டைகர் விருது. குழியில் ஊறுகிற தண்ணீரை ஒரு பெண் மொண்டு மொண்டு எடுப்பதைக் கேமரா அவசரமே இல்லாமல் பார்க்கும், அந்த வேலைக்கு எவ்வளவு நேரம் ஆகும் என்று நமக்கே உறைக்கும்.

அப்புறம் நடைமுறை. நூறு நாள் வேலைக்குப் போகிறவரை ஒரு நாள் நிறுத்தினால் அன்றைய கூலியை அன்றைக்கே கையில் கொடுத்துவிடுங்கள், ‘சொந்தக்காரர்தானே’ என்று விட்டுவிட வேண்டாம். நடவு, அறுப்பு நேரத்தில் யாரையும் கூப்பிடாதீர்கள். எடிட் செய்ததை முதலில் ஊரில் போட்டுக் காட்டுங்கள், ‘இது வேண்டாம்ப்பா’ என்று நடித்தவர் சொன்னால் அந்தக் காட்சி எவ்வளவு நன்றாக வந்திருந்தாலும் வெட்டிவிடுங்கள்.

ஒன்று கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். பெரியப்பா தெரு மட்டும் ஊராகிவிடாது. படத்தில் எதைக் காட்டக் கூடாது என்று நினைக்கிறார் என அவரிடம் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். அதே கேள்வியைக் காலனியிலும் போய்க் கேளுங்கள். இரண்டு பதிலும் ஒன்றாக இருக்காது. கதை எழுத உட்காருவது அதற்கப்புறம் இருக்கட்டும்.