ஜப்பானிய மௌனப்படங்களும் அரசியல் கொலைகளும்: கேள்வி பதில்

கேள்வி: அரசியல் கொலையைக் காட்டும் ஜப்பானியப் படங்கள் என்றாலே சகுராதா வாசல் என்கிறார்களே, அங்கே என்ன நடந்தது?

பதில்: 1860 மார்ச் 24 காலை, எதோ நகரத்துக் (இன்றைய தோக்கியோ) கோட்டையின் சகுராதா வாசலை நோக்கிப் பல்லக்கில் வந்துகொண்டிருந்தார் ஈ நவோசுகே. ஷோகுன் என்ற படைத்தலைவரின் பெயரால் நடந்த ஆட்சியை நடத்திய தலைமை அமைச்சர் அவர்தான். 1858இல் பேரரசரின் சம்மதம் இல்லாமல் அமெரிக்காவுடன் வணிக ஒப்பந்தம் போட்டு, எதிர்த்தவர்களைக் கொடுமையாக ஒடுக்கியவர். மித்தோ சிற்றரசைச் சேர்ந்த 17 பேரும் சத்சுமா சிற்றரசைச் சேர்ந்த ஒருவரும் பாய்ந்து அவரைக் கொன்றார்கள். அன்று பருவம் தப்பிப் பனி கொட்டியது. நனையாமல் இருக்க வாள்களுக்கு உறை போட்டிருந்த காவலர்களால் சட்டென்று உருவ முடியவில்லை. வெண்பனியும் கரிய உருவங்களும்! கறுப்பு வெள்ளைக் காமிராவுக்கென்றே அமைந்த காட்சி இது.

கேள்வி: அதை வைத்து மௌனப்படம் வந்ததா?

பதில்: வந்தது. 'சாமுராய் நிப்பொன்' நாவல் 1931இலேயே படமானது. கொலைக் கூட்டத்தோடு சேரும் நாயகன், கொல்லப்படப் போகிறவரின் மகன். 1965இல் நடிகர் தோஷிரோ மிஃபுனே நடித்த பேசும் படமும் இதே நாவல்தான்.

கேள்வி: தங்கள் காலத்துக் கொலைகளை ஏன் எடுக்கவில்லை?

பதில்: 1921இல் பிரதமர் ஹரா தகாஷி தோக்கியோ ரயில் நிலையத்தில் குத்திக் கொல்லப்பட்டார். 1930இல் அதே நிலையத்தில் பிரதமர் ஹமகுச்சி சுடப்பட்டு, மறு ஆண்டு இறந்தார். இதையெல்லாம் உள்துறையின் தணிக்கை விட்டிருக்குமா? 1925இல் வந்த 'ஒரோச்சி' வெறும் ஒரு ரோனினின், அதாவது தலைவன் இல்லாத சாமுராயின், கதை. அதற்கே பெயரை மாற்றச் சொன்னார்கள். தணிக்கைக்காரருக்குச் சகுராதா வாசல் பழைய வரலாறு. காலையில் செய்தித்தாள் படித்துவிட்டுக் கொட்டகைக்கு வந்தவருக்கு அது அன்றைய அரசியலாகவே தெரிந்திருக்கும் என்று உறுதியாக நம்புகிறேன்.

கேள்வி: பேச்சே இல்லாமல் சதியும் கொள்கையும் எப்படிப் புரியும்?

பதில்: பேச்சு இருந்தது, திரைக்குப் பக்கத்தில்! பென்ஷி என்ற கதைசொல்லி எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுத்தார். கொலையாளி தியாகியா வெறியனா என்பதை அவர் குரலே தீர்மானிக்க முடியும். இந்தக் கலையைத் தெரிந்துகொள்ளாமல் ஜப்பானிய மௌனப்படத்தை எடைபோடக் கூடாது.

கேள்வி: சாப்ளினையும் கொல்லத் திட்டமிட்டார்களாமே?

பதில்: உண்மைதான். 1932 மே 15 அன்று பிரதமர் இனுகாயைச் சுட்ட கடற்படை இளம் அதிகாரிகளின் திட்டத்தில் அவர் பெயரும் அடிபட்டது. அன்று ஜப்பானில் இருந்த சாப்ளின், பிரதமரின் மகனோடு சுமோ பார்க்கப் போயிருந்தார்.

கேள்வி: எதிலிருந்து தொடங்கலாம்?

பதில்: நிலநடுக்கம், போர், எளிதில் தீப்பிடிக்கும் பிலிம் எல்லாம் சேர்ந்து பெரும்பாலான படங்களை அழித்துவிட்டன. 'ஒரோச்சி' தப்பியிருக்கிறது. பென்ஷி சவாதோ மிதோரியின் குரலோடு கிடைத்தால் விடாதீர்கள்.