சில்வண்டுகள் எங்கே, தம்பி?

ஐயா,
ஒட்டுசுட்டான் காட்டோரம் மூன்று இரவுகள் ஒலிப்பதிவு செய்து, பதினொரு நிமிட இசைக்கோவை ஒன்றை உருவாக்கியிருக்கிறேன். பின்னணி இரைச்சலை மென்பொருளால் நீக்கி, ஆட்காட்டிப் பறவையின் குரலையும் காற்றையும் கீபோர்டோடு சேர்த்தேன். இது இசையே இல்லை என்கிறார்கள் நண்பர்கள். நீங்கள் கேட்டுச் சொல்லுங்கள். இன்னும் நல்ல மைக் வாங்க வேண்டுமா?
ஒரு வாசகர், முல்லைத்தீவு

அன்புள்ள தம்பி,

இந்த மைக்கே போதும். நண்பர்களையும் விடுங்கள். ரயில் ஓசைகளைக் கொண்டே பியேர் ஷேஃபர் என்ற பிரெஞ்சு இசைக்காரர் இசை செய்து பாரிஸ் வானொலியில் ஒலிபரப்பியது 1948இல்.

உங்கள் கோவையை இரண்டு முறை கேட்டேன். சில்வண்டு கேட்கவில்லை. வயது போனால் காது முதலில் இழப்பது உச்சக் கீச்சொலிகளைத்தான். சில வருடங்களாக என் முற்றத்துச் சில்வண்டுகளும் எனக்கு ஒவ்வொன்றாக ஓய்ந்துவருகின்றன. ஆகவே பேத்தியைக் கூப்பிட்டு ஹெட்போனை மாட்டிவிட்டேன். "ஒன்றுமே இல்லை அப்பப்பா" என்றாள். அதன் பிறகுதான் கடிதத்தில் அந்த வரி கண்ணில் பட்டது. இரைச்சலை நீக்கினீர்களாம்! விடாமல் ஒரே சீராக ஒலிப்பதை அந்த மென்பொருள் இரைச்சல் என்றுதான் எடுத்துக்கொள்ளும். அதற்குக் காடு தெரியாது. வன்னியில் பிறந்த உங்களுக்குமா தெரியாது?

முத்தையன்கட்டில் காலபோக நெல் வயலுக்கு என் ஐயாவோடு இரவுக் காவலுக்குப் போவேன். கொட்டிலில் விளக்கை அணைத்துவிட்டு, "எந்தப் பக்கம் சில்வண்டு ஓய்கிறது என்று கேள்" என்பார். பாலை மரங்கள் நின்ற மூலையில் மட்டும் ஓயும். சற்று நேரத்தில் அதற்கடுத்த மூலை. அங்கே ஓய, இங்கே மறுபடி தொடங்கும். யானை நடக்கும் வழி இருட்டில் அப்படியே தெரியும். கிளை முறியும் ஓசை பிறகுதான் வரும். அதற்குள் ஐயா தட்டி விரட்டத் தகரத்தைக் கையில் எடுத்திருப்பார். அந்தச் சில்வண்டுகளைத்தான் நீங்கள் அழித்திருக்கிறீர்கள். அவை இல்லாத பதிவில் யானை எங்கே நடக்கும்?

இயற்கை ஒலிகளைப் பதிவு செய்யும் அமெரிக்கர் பெர்னி கிராவுஸ் 1988இல் கலிபோர்னியாவின் லிங்கன் மெடோவில் விடியற்காலையைப் பதிவு செய்தார். பிறகு அங்கே சில மரங்களை மட்டும் தெரிந்தெடுத்து வெட்டினார்கள். மறு வருடம் போனபோது கண்ணுக்கு எல்லாம் முன்போலவே இருந்தது; பறவைக் குரல்களில் பெரும்பகுதி போய்விட்டிருந்தது. கோடரியே படாத காட்டில் நீங்கள் அதைச் செய்துவிட்டீர்கள்.

மூன்று இரவு நுளம்புக்கடியில் இருந்த பிள்ளையை ஏச எனக்கும் மனமில்லை. மூலப்பதிவை வைத்திருப்பீர்கள் என்று நம்புகிறேன். கீபோர்டு சேர்க்காமல், வெட்டாமல், முழு இரவையும் அனுப்புங்கள். எங்கே ஓய்கிறது என்று பேத்தி பக்கத்திலிருந்து சொல்வாள்.