தவளை ஏன் குதிக்கவில்லை?

அன்புள்ள ஐயா,

பள்ளிச் செயல்திட்டத்துக்காக என் மகள் வட்ட அட்டையில் ஒரு தவளை குதிப்பதைப் பன்னிரண்டு நிலைகளாகச் சுற்றிலும் வரைந்து, நடுவில் குண்டூசி குத்திச் சுழற்றினாள். தவளை குதிக்கவில்லை, பச்சை வளையம்தான் தெரிந்தது. பார்த்த பிம்பம் கண்ணில் சற்று நேரம் தங்குவதால்தான் படம் அசைகிறது என்று படித்திருக்கிறோமே, பின் ஏன் அசையவில்லை?

– மதுரை வாசகி ஒருவர்

அன்புள்ள சகோதரிக்கு,

மகள் வரைந்ததில் குறையே இல்லை. படங்களுக்கு வெளியே, அட்டையின் விளிம்பில், சம இடைவெளியில் பன்னிரண்டு மெல்லிய கீறல்கள் வெட்டச் சொல்லுங்கள். பின்பக்கம் முழுக்கக் கறுப்பு. அப்புறம் படப்பக்கத்தை நிலைக்கண்ணாடிக்குக் காட்டிச் சுழற்றி, பின்னாலிருந்து கீறல்கள் வழியாகக் கண்ணாடியைப் பாருங்கள். தவளை குதிக்கும்.

1832இல் பெல்ஜிய இயற்பியலாளர் ஜோசப் பிளாட்டோ செய்ததும் இதுதான். அதே காலத்தில் வியன்னாவில் சைமன் ஸ்டாம்ப்ஃபரும் தனியாக இதைக் கண்டடைந்தார். பிளாட்டோவின் கருவிக்குப் பினாகிஸ்டிஸ்கோப் என்று பெயர். கீறல் கண்ணுக்கு நேரே வரும் நொடித்துளியில் மட்டும் படம் தெரியும். அது நகர்வது புலப்படுவதற்குள் கறுப்பு மறைத்துவிடும். பிம்பம் தங்குவது மட்டுமே போதுமென்றால் உங்கள் வீட்டுத் தவளை முதல் சுற்றிலேயே குதித்திருக்க வேண்டும். உண்மையில் அந்தப் பச்சை வளையத்துக்குத்தான் அது காரணம். விட்டுவிட்டுத் தெரியும் நிலைகளை அசைவாகக் கோப்பது மூளையின் வேலை. பாடநூல்கள் இதைத் தவறவிடுவது எனக்குப் பெரிய வருத்தம்.

கீறல் வழியே பார்த்தால் படம் மங்கலாகத்தான் இருக்கும். பிரான்ஸின் எமில் ரெனோ 1877இல் கீறலையே விலக்கினார். சுழலும் உருளையின் நடுவே, படத்துக்கு ஒன்றாக முகம்பார்க்கும் கண்ணாடித் துண்டுகளை நிறுத்தினார். படம் பளிச்சென்று தெரிந்தது. அதையே வளர்த்தெடுத்து, கையால் வண்ணம் தீட்டிய நீண்ட படச்சுருள்களைப் பாரீஸின் கிரெவாங் அருங்காட்சியகத்தில் திரையில் ஓட்டினார். முதல் காட்சி 1892 அக்டோபர் 28. அதில் ஒரு கதைக்கு மட்டும் ஐந்நூறு ஓவியங்கள்! சினிமாவின் முன்னோடிகளான லூமியேர் சகோதரர்கள் காசு வாங்கிப் படம் காட்டியது 1895 டிசம்பரில்தான். சினிமா வந்த பிறகு கார்ட்டூன் வந்தது என்று மகளிடம் யாராவது சொன்னால் இந்த இரண்டு தேதிகளையும் சொல்லச் சொல்லுங்கள். அந்தச் சுருள்களில் பெரும்பாலானவற்றைக் கடைசிக் காலத்தில் ரெனோ தானே சேன் நதியில் எறிந்துவிட்டார். இரண்டுதான் மிஞ்சின.

சரி, தவளை குதித்துவிட்டால் இன்னொரு அட்டையும் செய்யட்டும். படம் பன்னிரண்டாகவே இருக்கட்டும், கீறலை மட்டும் பதின்மூன்றாக்கச் சொல்லுங்கள். தவளை குதித்துக்கொண்டே வட்டத்தைச் சுற்றி வரும்.