நித்திரையில் மூச்சு நின்றுவிடுமா?

நிற்காது. ஒட்டுசுட்டானிலிருந்து நான்கு பக்கம் எழுதியிருக்கும் நீங்கள் ஏப்பம், விக்கல், தோள்மூட்டு உளைவு, சைக்கிள் மிதிக்கும்போது இளைப்பு என்று பலவற்றை அடுக்கியிருந்தாலும், உங்களை வாட்டுவது எக்ஸ்றே அறிக்கையிலுள்ள ‘இடப்பக்கப் பிரிமென்றகடு உயர்ந்துள்ளது’ என்ற வரியும், அதை இணையத்தில் தேடிவிட்டு உங்கள் மருமகன் சொன்ன ‘மூச்சுத்தசை செத்துவிட்டது’ என்ற கதையும்தான்.

பிரிமென்றகடு நெஞ்சறையையும் வயிற்றறையையும் பிரிக்கும் குவிந்த தசை. மார்பெலும்பின் கீழ்நுனி, கீழ் ஆறு விலா எலும்புகள், இடுப்பு முள்ளந்தண்டு ஆகியவற்றிலிருந்து எழும் அதன் நார்கள் நடுவிலுள்ள தசைநாணில் சேர்கின்றன. அவை சுருங்கும்போது குவிவு தட்டையாகிக் கீழிறங்க, நுரையீரலுக்குள் காற்று வருகிறது, வயிறு முன்தள்ளுகிறது. ஈரல் கீழே இருப்பதால் பெரும்பாலானோருக்கு வலப்பக்கமே சற்று உயர்ந்திருக்கும். உங்களுக்கு இடப்பக்கம் உயர்ந்திருப்பதால்தான் அதைக் குறித்திருக்கிறார்கள். இரு பாதிகளுக்கும் தனித்தனி நரம்பு உண்டு. கழுத்தின் 3ஆம், 4ஆம், 5ஆம் முண்ணாண் நரம்புகளிலிருந்து தோன்றும் அது, காறை எலும்புக்குப் பின்னால் நெஞ்சுக்குள் இறங்கி, இதயத்தின் உறையை ஒட்டியபடி கீழே போகிறது. 2009இல் பட்ட ஷெல் துண்டு இன்னும் இடது காறை எலும்புக்கு மேலே இருப்பதாகச் சொல்கிறீர்கள். நரம்பு போகும் வழி அதுதான்; துண்டு அன்றே அதைச் சிதைத்திருந்தால், அந்தப் பாதி ஓய்ந்த நிலையிலேயே நீங்கள் இத்தனை போகம் வயல் செய்திருக்கிறீர்கள். மற்றப் பாதி நன்றாக இருந்தால் அது நித்திரையிலும் ஓயாமல் வேலை செய்யும்.

இந்த மண்ணில் இரு பாதிகளும் ஒருசேர நின்றுபோவதை எட்டடி விரியன் கடித்தவர்களில் நாங்கள் பார்க்கிறோம். அதன் நஞ்சு நரம்பும் தசையும் சந்திக்கும் இடத்தில் வேலை செய்கிறது. அவர்களையும் செயற்கைச் சுவாசத்தில் வைத்துக் காப்பாற்றினால் நாட்கள் செல்லத் தசை மீளும். உங்கள் கதை வேறு.

வீட்டில் பழைய எக்ஸ்றேப் படம் இருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். அதைத் தேடி எடுத்துக் கிளினிக்குக்குக் கொண்டு போங்கள். இதே உயர்வு அதிலும் இருந்தால் விடயம் பழையது. இல்லாவிட்டால், நீங்கள் சுருட்டுப் பிடிப்பவர் என்பதால், நெஞ்சுக்குள் ஏதாவது நரம்பை அழுத்துகிறதா என்று சீ.ரி. ஸ்கானில் பார்க்க வேண்டும். யாராவது எம்.ஆர்.ஐ. எடுக்கச் சொன்னால், உடம்பில் ஷெல் துண்டு இருப்பதை முதலில் சொல்லிவிடுங்கள்.

விக்கல் எல்லோருக்கும் வரும். இரைப்பை மேலே ஏறியிருப்பதால் ஏப்பம் கூடலாம். இரவுச் சாப்பாட்டைக் குறைத்து நேரத்தோடு சாப்பிடுங்கள். தண்ணீர் வாளி தூக்கும்போது மட்டும் வரும் உளைவு மூட்டைச் சேர்ந்தது.

நான் கவலைப்படுவது, மனைவியின் குறட்டையைப் பற்றிய முறைப்பாட்டுக்கு நடுவே மூன்றாம் பக்கத்தில் நீங்கள் செருகியிருக்கும் ஒரு வரியைப் பற்றித்தான்: சில காலமாகச் சாய்மனைக் கதிரையில்தான் நித்திரை கொள்கிறீர்களாம். பயத்தினாலா, படுத்தால் மூச்சு முட்டுவதனாலா? நிற்கும்போது குடல் தன் பாரத்தால் கீழே இறங்கிப் பிரிமென்றகட்டுக்கு இடம் விடும். படுத்தால் அதே பாரம் மேல்நோக்கி அழுத்தும். இரு பாதிகளும் தளர்ந்திருந்தால் அதைத் தள்ள ஆளில்லை. பகலில், மனைவி பக்கத்தில் இருக்க, தலையணை இல்லாமல் பாயில் நிமிர்ந்து படுத்துப் பாருங்கள். மூச்சை உள்ளே இழுக்கும்போது வயிறு எழ வேண்டும். நெஞ்சு எழும்போது வயிறு உள்ளே குழிந்து, மூச்சு முட்டி, எழுந்து இருந்தவுடன் அது தணிந்தால், அன்றே மாவட்ட பொது வைத்தியசாலைக்குப் போக வேண்டும். குளத்தில் நீர் நெஞ்சளவுக்கு வந்ததும் மூச்சு இறுகுவதும் அதே அறிகுறிதான். இதயம் தளர்ந்தாலும் படுக்கையில் மூச்சு முட்டும் என்பதால், காரணத்தை நீங்களே தேடிக்கொண்டிருக்க வேண்டாம். அங்கே இருந்தபடியும் படுத்தபடியும் ஊதச் சொல்லி மூச்சின் அளவைப் பார்ப்பார்கள். படுத்ததும் 30 வீதத்துக்கு மேல் குறைந்தால் இரு பாதிகளையும் சந்தேகிப்பார்கள். மூக்கை உறிஞ்சச் சொல்லி, ஸ்கானில் எந்தப் பாதி அசைகிறது என்றும் பார்ப்பார்கள்.

இவ்வளவு பயத்தையும் வைத்துக்கொண்டு, வைத்தியரின் சீட்டு இல்லாமல் பாமசியில் நித்திரைக் குளிசை வாங்கிப் போடுகிறீர்கள். நித்திரையில் மூச்சு நின்றுவிடுமோ என்று அஞ்சும் ஒருவர் மூச்சைத் தணிக்கக்கூடிய மருந்தையே தேடிப் போடுவதை என்னவென்று சொல்வது? மருமகன் அனுப்பிய மூச்சடக்கும் பயிற்சியையும் விட்டுவிடுங்கள். குளிசை அட்டையைக் கையோடு கொண்டு போங்கள். பல வாரங்களாகத் தினமும் போட்டிருந்தால் திடீரென்று நிறுத்தாமல், எப்படிக் குறைப்பது என்று அங்கேயே கேளுங்கள்.