துஷான் கோவாச்செவிச் படங்களை எதிலிருந்து தொடங்கலாம்?

கேள்வி: 'அண்டர்கிரவுண்ட்' பார்த்தேன், மிகவும் பிடித்தது. அதன் கதையை எழுதிய செர்பியர் துஷான் கோவாச்செவிச்சின் மற்ற படங்களை எந்த வரிசையில் பார்க்கலாம்?

பதில்: முதலில் 'கோ தோ தாமோ பேவா'. 'யாரங்கே பாடுவது' என்று அர்த்தம். 1980இல் வந்தது, இயக்கியவர் ஸ்லோபொதான் ஷியான்.

நீங்கள் பார்த்த படத்தோடு இதற்கு ஒரு தொடர்பு உண்டு. இந்தப் படத்தின் கதை 1941 ஏப்ரல் 5 அன்று நடக்கிறது. மறுநாள் காலை யூகோஸ்லாவியத் தலைநகர் பெல்கிரேடு மேல் ஜெர்மன் விமானங்கள் குண்டு போடும்போது முடிகிறது. 'அண்டர்கிரவுண்ட்' ஆரம்பத்தில் மிருகக்காட்சிசாலை மேல் குண்டு விழுமே, அது அதே ஏப்ரல் 6. இரண்டு படங்களுக்கும் நடுவில் 15 வருடம். அந்த ஒரு காலை கோவாச்செவிச்சை விடவே இல்லை.

ஓட்டை பஸ் ஒன்று தலைநகருக்குப் போகிறது. கண்டக்டர் அப்பா, டிரைவர் மகன். அப்பாவுக்கு மகன் மேல் அப்படி ஒரு பெருமை: என் பையன் கண்ணைக் கட்டிக்கொண்டே ஓட்டுவான் என்கிறார். அப்புறம் நிஜமாகவே கட்டிவிட்டு ஓட்ட வைக்கிறார். வழியில் ஒரு விவசாயி சாலையையே உழுது வைத்துக்கொண்டு, கடந்து போகக் காசு கேட்கிறார். சிரித்துக்கொண்டே பார்த்து வரும்போது ஒருவருடைய பர்ஸ் காணாமல் போகிறது. பஸ்ஸில் இரண்டு ரோமா (ஜிப்சி) பாட்டுக்காரர்கள் இருக்கிறார்கள். யாரும் விசாரிக்கவில்லை, எல்லோரும் சேர்ந்து அவர்களை அடிக்கிறார்கள். அந்தக் காட்சியில் என் சிரிப்பு தொண்டையிலேயே நின்றுவிட்டது. அதுவரை நானும் அந்தப் பயணிகளை ரசித்துக்கொண்டுதானே இருந்தேன்?

கோவாச்செவிச் எழுத்தின் பலம் இதுதான் என்று நினைக்கிறேன். கொஞ்சம் பேரை ஒரு சின்ன இடத்தில் அடைத்து வைப்பார். பஸ், சவப்பெட்டிக் கடை, வாடகை அறை, நிலவறை. வெளியே போர் வருவதற்குள் உள்ளே இருப்பவர்களே ஒருவரை ஒருவர் முடித்துவிடுவார்கள். மேடை நாடகத்திலிருந்து வந்தவர் என்பதால் வந்த பழக்கமாக இருக்கலாம். 1948இல் ஷாபாட்ஸ் ஊருக்குப் பக்கத்து கிராமத்தில் பிறந்து, பெல்கிரேடில் நாடகம் படித்தவர். படிப்பை முடித்த 1973ஆம் வருடமே அவருடைய நாடகம் மேடையேறியது. சவப்பெட்டி வியாபாரம் செய்யும் ஒரு குடும்பத்தின் ஆறு தலைமுறைகளைப் பற்றிய கதை. புதைத்த பெட்டியையே தோண்டி எடுத்து மறுபடி விற்கிறவர்கள். 1982இல் ஷியான் அதைப் படமாக்கினார், ஆங்கிலத்தில் 'தி மாரத்தான் ஃபேமிலி' என்று பெயர். இரண்டாவதாக அதைப் பாருங்கள்.

மூன்றாவது, 1984இல் வந்த 'பால்கன் உளவாளி'. ஒளிப்பதிவாளர் போஜிதார் நிகோலிச்சுடன் சேர்ந்து கோவாச்செவிச்சே இயக்கியது. பாரிஸிலிருந்து திரும்பிய ஒருவர் இலியா என்பவர் வீட்டில் வாடகைக்கு இருக்கிறார். அவரைப் பற்றிப் போலீஸ் சும்மா ஒரு வார்த்தை விசாரிக்கிறது. விஷயம் அங்கேயே முடிந்திருக்க வேண்டும். ஆனால் இலியா ஒரு காலத்தில் ஸ்டாலின் ஆதரவாளர் என்று சிறையில் இருந்தவர். அந்தப் பயம் உள்ளேயே கிடந்து புளித்து, இப்போது குடியிருப்பவர் மேல் பாய்கிறது. இலியாவாக நடித்த தானிலோ ஸ்தொய்கோவிச் கண்ணை உருட்டுவதைப் பார்க்கவே இந்தப் படத்தை நான் மூன்று முறை பார்த்திருக்கிறேன். முதலில் புருஷனைத் திட்டும் மனைவியும் மெல்ல மெல்ல நம்ப ஆரம்பிக்கிறாள். எனக்கு அதுதான் அதிக பயமாக இருந்தது.

2003இல் அவர் தனியாக இயக்கிய 'ப்ரொஃபெஷனல்' படத்தைக் கடைசிக்கு வையுங்கள். ஓர் எழுத்தாளரைப் பல வருடம் நிழல் போலத் தொடர்ந்த ரகசியப் போலீஸ்காரர், பெட்டியோடு அவருடைய அலுவலகத்துக்கு வருகிறார். எழுத்தாளர் அங்கங்கே மறந்துவிட்டுப் போன குடை, தொப்பி எல்லாம் பெட்டியில் இருக்கிறது. கூடவே, மதுக்கடைகளில் அவர் பேசித் தீர்த்ததெல்லாம் தட்டச்சு செய்து பைண்டு செய்த புத்தகங்களாக. எழுத வேண்டியவர் குடித்துப் பேசியே வீணாக்கிய சொற்களை, வேவு பார்க்க வந்தவர் பத்திரப்படுத்தியிருக்கிறார். இப்படி ஒரு யோசனை ஒருவருக்குத் தோன்றினால் போதும், அவரை வாழ்நாள் முழுக்கப் படிக்கலாம்.

'அண்டர்கிரவுண்ட்' 1995இல் கான் திரைப்பட விழாவில் தங்கப்பனை விருது வாங்கிய படம், பெரிய படம், சரி. ஆனால் அதில் இயக்குநர் குஸ்துரிட்சாவின் பேண்டு வாத்தியச் சத்தம் அதிகம், கோவாச்செவிச்சின் குரல் அடியில் எங்கோ கேட்கிறது. பஸ் படத்தில் அந்தக் குரல் நேராகக் கேட்கும்.

ஒரு வேண்டுகோள். பஸ் படத்தில் அந்த இரண்டு பாட்டுக்காரர்களும் அக்கார்டியனும் நம்ம மோர்சிங் மாதிரியான ஒரு கருவியும் வைத்துக்கொண்டு நடுநடுவே கேமராவைப் பார்த்துப் பாடுவார்கள். இதெல்லாம் வெறும் கனவாக இருந்திருக்கக் கூடாதா அம்மா என்று வரும். பாட்டுதானே என்று ஓட்டிவிடாதீர்கள். குண்டு விழுந்த பிறகு, நொறுங்கிய பஸ்ஸிலிருந்து வெளியே வருவது அவர்கள் இரண்டு பேர் மட்டும்தான், அதே பாட்டோடு.