அனிமேஷனில் உருவங்களைக் கோணல்மாணலாக வரைவது ஏன்? பாத்திரத்தின் மனநிலையை அப்படிக் காட்ட முடியுமா?

முடியும். ஆனால் கோணல் தானாகப் பேசாது. அதற்கு முன்பே நேரான ஒன்று பார்ப்பவர் கண்ணுக்குப் பழகியிருக்க வேண்டும்.

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் தோட்டத்துப் பிள்ளைகளுக்குச் சனிக்கிழமைகளில் ஓவியம் சொல்லிக்கொடுக்கிறேன். 'பள்ளிக்குத் தாமதமாகப் போன நாள்' என்று தலைப்புக் கொடுத்தபோது, ஒரு சிறுமி பள்ளி வாசற்கதவைச் செம்பனை மரத்தைவிட உயரமாக வரைந்து, அதன் அடியில் தன்னைக் கட்டைவிரல் அளவில் நிறுத்தியிருந்தாள். அவளுடைய மற்றப் படங்களில் அதே கதவு ஆள் உயரம்தான். கூடுதல் உயரம் முழுவதும் அன்றைய பயம்.

ஜப்பானிய இயக்குநர் இசாவோ தகாஹாத்தா 2013-இல் இயக்கிய 'இளவரசி ககுயாவின் கதை' படமும் இதைத்தான் செய்கிறது, பேராற்றலோடு. மெல்லிய நீர்வண்ணம், வெள்ளையாக விடப்பட்ட ஓரங்கள் என்று படம் நிதானமாக நகர்கிறது. பெயர்சூட்டு விருந்தில் குடித்த ஆண்கள் தன்னை ஏளனம் செய்வது உள்ளே அமர்ந்திருக்கும் ககுயாவின் காதில் விழுகிறது. கையிலிருந்த சிப்பி நொறுங்குகிறது, ஓடுகிறாள். அந்த ஓட்டத்தில் கோடுகள் கரித்துண்டால் கிறுக்கியவையாக முரடாகின்றன, முகம் சில கீற்றுகளாகிவிடுகிறது, அடுக்கடுக்கான உடைகள் கழன்று விழுகின்றன. வசனம் எதுவும் தேவைப்படவில்லை.

கிறிஸ் லாண்ட்ரெத்தின் 'ரையன்' (கனடா, 2004, ஆஸ்கர் பெற்ற குறும்படம்) வேறு வழியில் போகிறது. ஒருகாலத்தில் கொண்டாடப்பட்டு, பின்னர் மாண்ட்ரியல் தெருவில் கையேந்திய அனிமேஷன் கலைஞர் ரையன் லார்கினுடன் லாண்ட்ரெத் நடத்திய உண்மையான உரையாடல்தான் அதன் ஒலி. திரையிலோ, கணினியில் உருவாக்கிய லார்கின் தலையின் பெரும்பகுதி காணாமல் போயிருக்கிறது. மீதமுள்ள தோலும் முடியும் அவ்வளவு நுணுக்கமாக இருப்பதால்தான் அந்த வெற்றிடம் உறைக்கிறது. குடியைப் பற்றிப் பேச்சு வந்ததும் கோபம் முட்களாக முளைக்கிறது. லாண்ட்ரெத் தன் முகத்தையும் சிதைத்தே காட்டுகிறார். அந்த நேர்மை இல்லையென்றால் படத்தை என்னால் ஏற்றுக்கொண்டிருக்க முடியாது.

முதல் காட்சியிலிருந்தே எல்லாவற்றையும் நெளிய வைக்கும் தொடர்கள் பல எனக்கு அலுப்பூட்டுகின்றன. கண் விரைவில் பழகிவிடுகிறது. அப்புறம் பாத்திரம் உடைந்துபோனாலும் வித்தியாசம் தெரிவதில்லை.

இன்னொன்று: வேகமான அசைவின் நடுவே படத்தை நிறுத்தி, நீண்டு இழுபட்ட கையைக் காட்டி 'மட்டமாக வரைந்திருக்கிறார்கள்' என்று சிரிக்கிறார்கள். அது மனநிலையும் அல்ல, பிழையும் அல்ல. வேகத்தைக் கண்ணுக்கு உணர்த்த ஓரிரு சட்டகங்களில் (ஃபிரேம்களில்) மட்டும் வைக்கும் உத்தி. 1942-இலேயே அமெரிக்க அனிமேஷன் இயக்குநர் சக் ஜோன்ஸ் 'டோவர் பாய்ஸ்' குறும்படத்தில் அதைத் தாராளமாகப் பயன்படுத்திவிட்டார்.